துரை பங்களாவும் சுடுகாட்டுப் பாதையும்

1

செப்டம்பரில் ஒரு செவ்வாய்க்கிழமை எனக்கு ஒரு கடிதம் வந்தது. டோர்ட்முண்ட் நகரத்தில் என் கணவரின் சாம்பல் புதைக்கப்பட்டிருக்கும் கல்லறைத் தோட்டத்தின் அலுவலகம் அனுப்பியது. அவர் போய் ஆறு வருடங்கள் ஆகின்றன. இந்த ஊரில் சாம்பலை வீட்டு அலமாரியில் வைத்துக்கொள்ள விடமாட்டார்கள். மண்ணுக்குள்தான் வைக்க வேண்டும் என்றார்கள், வைத்தோம்.

ஜெர்மன் அலுவலகக் கடிதத்தைப் பிரிக்கும்போது இருபத்தாறு வருடங்கள் கழித்தும் என்ன அபராதமோ என்றுதான் எனக்கு முதலில் தோன்றும். ஆனால் இதில் இருந்தது ஒரு மன்னிப்பு. உங்கள் உறவினர் அடக்கம் செய்யப்பட்டுள்ள பகுதிக்குப் போகும் பாதையில் இரண்டு மரங்களை வெட்ட வேண்டியிருக்கிறது, அதனால் மூன்று வாரங்கள் அந்தப் பாதை மூடியிருக்கும், சிரமத்துக்கு வருந்துகிறோம் என்று எழுதியிருந்தார்கள். மாற்று வழியைச் சிவப்புக் கோடு போட்டுக் காட்டும் வரைபடம் ஒன்றும் உடன் இருந்தது. நடக்க முடியாதவர்கள் முன்கூட்டியே தொலைபேசியில் சொன்னால் வண்டி ஏற்பாடு செய்வார்களாம்.

அதைப் படித்துவிட்டு, 'எவ்வளவு நாகரிகமான மனிதர்கள்' என்று நினைத்துக்கொண்டே வேலைக்குக் கிளம்பினேன். நான் ஒரு முதியோர் இல்லத்தில் பராமரிப்பாளராக இருக்கிறேன். டிராமில் உட்கார்ந்து கைபேசியைப் பார்த்தபோது, தெரியாத ஒரு இந்திய எண்ணிலிருந்து குரல் செய்தி வந்திருந்தது.

"நான் மல்லிகாங்க. அஞ்சல பொண்ணு. ஞாபகம் இருக்குங்களா? உங்க நம்பர எங்க அண்ணன் பையன் யார்கிட்டயோ கேட்டு வாங்கிக் குடுத்தான். அம்மாவுக்கு ரொம்ப முடியல. டாக்டரு வீட்டுக்கு இட்டுக்கினு போங்கன்னு அனுப்பிட்டாரு. அது இல்லங்க விஷயம். பங்களா பக்கத்துல சுடுகாட்டுக்குப் போற வழிய பூட்டிட்டாங்க. ரெண்டு பக்கமும் பெரிய பூட்டு. கேட்டா, வித்தாச்சு, இனிமே இது வழி கெடயாதுங்கறாங்க. அம்மாவுக்கு ஒண்ணு ஆச்சுன்னா நாங்க எப்படிங்க எடுத்துக்கினு போறது? நீங்க ஒரு வார்த்த சேகர்கிட்ட சொல்லுங்க. நீங்க சொன்னா கேப்பாரு."

சேகர் என் தம்பி. பங்களா எங்கள் இருவர் பெயரிலும் இருக்கிறது. மல்லிகா என்னோடு ஐந்தாம் வகுப்பு வரை ஒரே பெஞ்சில் உட்கார்ந்து படித்தவள்.

2

ஊரில் இருப்பவர்களுக்கு அந்த வீட்டைச் சொன்னால் தெரியும். திருவண்ணாமலையிலிருந்து கீழ்பென்னாத்தூர் போகும் ரோட்டில் நகரத்தைத் தாண்டியதும், வேர்க்கடலைக் கொல்லைகளுக்கு நடுவில் தனியாக நிற்கும் பழைய கட்டடம். ரயில் பாதை போட வந்த ஒரு வெள்ளைக்கார இன்ஜினியர் கட்டியது. அவர் பெயர் யாருக்கும் ஞாபகமில்லை, துரை பங்களா என்றால்தான் பஸ் கண்டக்டருக்கும் புரியும். ஆளுயரத்தைப் போல இரண்டு மடங்கு உயரமான தேக்குக் கதவுகள், சுற்றிலும் தூண் வைத்த வராண்டா, கூடத்தின் மேலே, கயிற்றால் இழுக்கும் பங்கா விசிறி கட்டியிருந்த இரும்புக் கொக்கிகள். பின்பக்க ஜன்னலைத் திறந்தால் மலை முழுதாகத் தெரியும்.

துரை சீமைக்குத் திரும்பும்போது என் தாத்தா வாங்கினார். மல்லாட்டை என்று நாங்கள் சொல்லும் வேர்க்கடலை வியாபாரத்தில் கையில் காசு புரண்ட காலம். தாத்தாவும் அப்பாவும் அந்த வீட்டில்தான் இருந்தார்கள். நாங்களும் அங்கேதான் பிறந்து வளர்ந்தோம்.

பங்களாவுக்குப் பின்னால் வாய்க்காலைத் தாண்டிக் காலனிக்காரர்களின் சுடுகாடு. சுடுகாடு என்று சொன்னாலும் அவர்கள் புதைப்பதுதான் வழக்கம். அதன் மூலையில், வேப்பமரத்தடியில், சிலுவை போட்ட ஒரு சின்னக் கல் சாய்ந்து நிற்கும். துரையின் குழந்தை என்பார்கள். காய்ச்சலில் இறந்ததாம். எழுத்தெல்லாம் அழிந்துவிட்டது. காலனிப் பெண்கள் தங்கள் ஆட்களுக்குப் படைக்கும்போது அந்தக் கல்லுக்கும் ஒரு கைப்பிடி பொரி வைப்பதைப் பார்த்திருக்கிறேன்.

ரோட்டிலிருந்து சுடுகாட்டுக்குப் போகும் வழி எங்கள் மதிலுக்கு உட்புறமாக, பங்களாவின் பக்கவாட்டில் போகிறது. இரு முனையிலும் இரும்பு கேட். சாவி எங்கள் வீட்டில் இருக்கும். காலனியில் யாராவது இறந்தால் ஒருவர் வந்து வாசலில் நின்று கேட்பார், அப்பா சாவியை எடுத்துக் கொடுப்பார்.

"நம்ம எடத்துல நாம வழி வுட்டிருக்கோம். வேற எவன் வுடுவான்?" என்று அப்பா வருகிறவர்களிடமெல்லாம் சொல்வார். நானும் அதைப் பெருமையாகச் சொல்லிக்கொண்டுதான் இருந்தேன். கல்லூரியில் சொன்னேன், கல்யாணமான புதிதில் கணவரிடம் சொன்னேன், பிறகு என் மகள் யாழினியிடமும் சொன்னேன்.

3

ஜூன் மாதம் நான் பிராங்க்பர்ட்டில் இருக்கும் இந்தியத் துணைத் தூதரகத்துக்குப் போய் ஒரு பொது அதிகாரப் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டிருந்தேன். பங்களாவை விற்க என் சார்பில் சேகருக்கு முழு அதிகாரம் கொடுக்கும் பத்திரம். சென்னைக்காரர் ஒருவர் அதை வாங்கி, கிரிவலம் வரும் வெளிநாட்டவர்கள் தங்கும் விடுதியாக மாற்றப்போவதாகச் சேகர் சொல்லியிருந்தான். இடித்துவிட்டு மனை போடாமல் வீட்டை அப்படியே காப்பாற்றுகிறார்களே என்று எனக்குச் சந்தோஷம்.

சாட்சிக்கு வந்த யாழினிதான் வரிசையில் நிற்கும்போது பத்திரத்தைப் புரட்டினாள். இருபத்து மூன்று வயது. தமிழ் எழுத்துக்கூட்டிப் படிப்பாள். "நான்கெல்லை" என்பதை "நாங்க இல்லை" என்று படித்துவிட்டு, "அம்மா, நாங்க இல்லைன்னு ஏன் எழுதியிருக்கு?" என்று கேட்டாள். சிரித்துவிட்டேன். நாலு பக்கமும் என்ன இருக்கிறது என்று சொல்வதுதான் நான்கெல்லை என்று விளக்கினேனே தவிர, அந்த நாலு பக்கத்தில் என்ன எழுதியிருக்கிறது என்று நான் படிக்கவில்லை. எங்கள் எண்ணை அழைத்துவிட்டார்கள். கண்ணாடிக்குப் பின்னால் இருந்தவர் ஒவ்வொரு பக்கத்திலும் கையெழுத்து வேண்டும் என்றார். போட்டேன்.

மல்லிகாவின் செய்தி வந்த அன்று வேலை முடிந்து வீட்டுக்கு வந்ததும் அந்த நகலை எடுத்துப் படித்தேன். வாய்க்காலும் சுடுகாடும் பின்பக்க எல்லையாக இருந்தன. பாதையைப் பற்றி ஒரு எழுத்து இல்லை.

மறுநாள் சேகரைக் கூப்பிட்டேன்.

"அக்கா, நீ அங்க உக்காந்துகினு இதுக்கெல்லாம் கவலப்படாத. இன்னும் கிரயம் ஆவல. அட்வான்ஸ்தான் வாங்கியிருக்கேன். வழி இருந்தா வாங்க மாட்டேன்னு பார்ட்டி கண்டிஷனா சொல்லிட்டாரு. லட்ச லட்சமா செலவு பண்ணி ரூம் கட்டறவன், ஜன்னலுக்குப் பக்கத்துல பொணம் போனா ஒத்துக்குவானா?"

"அப்ப அவங்க எப்படிடா போவாங்க?"

"ஏரிக்கர மேல சுத்திப் போவட்டும். கொஞ்சம் தூரம் ஜாஸ்தி, அவ்ளோதான். அப்பா ஏதோ நல்ல மனசுல வுட்டாரு. அதுக்காக காலத்துக்கும் வுடணுமா?" கொஞ்சம் நிறுத்திவிட்டு உற்சாகமாகச் சொன்னான். "ஒண்ணு தெரியுமா? அந்தத் தொரை கொழந்த கல்லறை அவருக்கு ரொம்பப் புடிச்சிருக்குது. அத மட்டும் கேட்டு வாங்கி வேலி போட்டு, வெள்ளக்காரங்களுக்குக் காட்டலாம்னு பாக்கறாரு."

அஞ்சலைக்கு ரொம்ப முடியவில்லையாம், அதுவரைக்குமாவது கேட்டைத் திறந்து வை என்று கெஞ்சினேன். "ஒரு வாட்டி தொறந்தா அதையே காட்டி கேஸ் போடுவாங்கக்கா, வக்கீல் சொல்லியிருக்காரு," என்றான். அவன் கெட்டவன் இல்லை. என் கணவர் இறந்தபோது கடன் வாங்கி டிக்கெட் போட்டு ஓடிவந்தவன். அன்று எனக்கு ஆறுதல் சொன்ன அதே குரலில்தான் இதையும் பேசினான்.

யாழினியிடம் சொன்னேன். சுடுகாட்டுப் பாதை என்பதற்கு ஜெர்மனில் எனக்குத் தெரிந்த வார்த்தையைப் போட்டேன். அவள் மனதில் மரங்களும் பெஞ்சுகளும் வந்திருக்க வேண்டும். "அங்கே சைக்கிள் ஓட்டலாமா?" என்று கேட்டாள். பிறகு, "மல்லிகா உன் தோழியா?" என்றாள். ஆமாம் என்றேன்.

"உங்க வீட்டுக்குள்ளே வந்திருக்காளா?"

அவள் எதையும் குத்திக்காட்டிக் கேட்கவில்லை. சும்மா கேட்டாள். மல்லிகா கிணற்றடி வரை வந்திருக்கிறாள். அவள் அம்மா அஞ்சலை இருபது வருடம் எங்கள் மாட்டுக் கொட்டகையைக் கூட்டினாள், வராண்டாவைக் கழுவினாள். நிலைப்படியைத் தாண்டியதில்லை. இதை நான் மகளிடம் எந்த மொழியில் சொல்வது என்று தெரியாமல், "இல்லை," என்று மட்டும் சொன்னேன்.

4

ஞாயிற்றுக்கிழமை அஞ்சலை இறந்துவிட்டாள். திங்கட்கிழமை மதியம் மல்லிகாவைக் கூப்பிட்டேன். எடுத்தது அவள்தான். குரல் கட்டிப்போயிருந்தது.

"எடுத்தாச்சிங்க. ஏரிக்கர மேலதான் போனோம். ரெண்டு நாள் மழ. ஒரே சேறு. வாய்க்கா எறங்கும்போது தூக்குன பசங்க வழுக்கிட்டாங்க. பாட சாஞ்சிடுச்சி."

"சேகர்கிட்ட சொன்னேன் மல்லிகா. நான் எவ்வளவோ சொன்னேன். எங்கப்பா இருந்திருந்தா இப்படி நடந்திருக்காது. அவரு எப்பவும் வழி குடுத்தாரு."

"குடுத்தாருங்க. இல்லைன்னு சொல்லல. ஆனா ஒவ்வொரு வாட்டியும் நாங்க கேட்டுக்கினு நின்னோமே. எங்க தாத்தா செத்தப்ப நானும் நின்னேன். உங்கப்பா சாப்ட்டுக்கினு இருந்தாரு. சாப்ட்டு, கை கழுவி, வெத்தல போட்டுத்தான் சாவி குடுத்தாரு. பொணம் ரோட்டுல இருந்திச்சி."

அன்று நான் எங்கே இருந்தேன் என்று எனக்குத் தெரியும். அப்பாவுக்குப் பக்கத்தில் இருந்தேன். அவருக்கு மோர் ஊற்றினேன்.

அதற்கடுத்த வாரம் வேலையிலிருந்து திரும்பும்போது, நான் இறங்கும் நிறுத்தத்தில் டிராம் தண்டவாளத்தை வெல்டிங் செய்துகொண்டிருந்தார்கள். நீல வெளிச்சம் பளீரென்று அடித்ததும் நான் சட்டென முகத்தைத் திருப்பி, கையால் கண்ணை மூடிக்கொண்டேன். பக்கத்தில் நின்றவர்கள் யாரும் அப்படிச் செய்யவில்லை. எனக்கு ஏன் இந்தப் பயம் என்று யோசித்துக்கொண்டே நடந்தேன். பாதி வழியில் நின்றுவிட்டேன்.

எங்கள் வீட்டில் வெல்டிங் நடந்ததைப் பார்த்திருக்கிறேன். டவுனிலிருந்து ஒரு ஆள் மாட்டு வண்டியில் சாமான்களோடு வந்தான். மதிலில் இரண்டு கல் தூண்களுக்கு நடுவே வெறும் இடைவெளி இருந்தது. அந்த இடைவெளியில்தான் அவன் கேட் போட்டான். எனக்கு அப்போது எட்டு வயது இருக்கும். அதற்கு முன்னால் அந்த வழியாக ஆட்கள் தலையில் புல்லுக்கட்டோடு போவார்கள், ஆடுகள் போகும், சாவு மேளம் அடித்துக்கொண்டு ஊர்வலம் போகும். யாரும் யாரையும் கேட்டதில்லை.

அப்பா வழி விடவில்லை. இருந்த வழியை அடைத்தார், பிறகு சாவியைக் கொடுத்தார். அதைத்தான் நான் ஐம்பது வருடமாகத் தர்மம் என்று சொல்லிக்கொண்டிருந்தேன்.

5

விடுப்புக் கேட்கப் போனேன். "ஒரு கேட்டுக்காக இந்தியா போக வேண்டும்," என்று என் மேலாளரிடம் சொன்னேன். ஜெர்மனில் கேட்டுக்கும் கால்பந்து கோலுக்கும் ஒரே வார்த்தை, 'டோர்'. கால்பந்துப் பைத்தியம் பிடித்த இந்த ஊரில் அந்த வார்த்தைக்கு முதல் அர்த்தம் கோல்தான். "ஒரு கோலுக்காக இந்தியாவரைக்குமா?" என்று அவள் சிரித்தாள். விளக்கிச் சொன்னதும் சிரிப்பை நிறுத்திவிட்டு மூன்று வாரம் எழுதிக் கொடுத்தாள்.

காலனிக்காரர்கள் கலெக்டர் ஆபீசில் திங்கட்கிழமை நடக்கும் குறைதீர்ப்பு நாளில் மனு கொடுத்திருந்தார்கள். அது கீழ் அதிகாரிக்கு அனுப்பப்பட்டு, விசாரணைக்குத் தேதி வந்திருந்தது. நான் சேகர் வீட்டில் தங்கவில்லை, பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்தில் ஒரு லாட்ஜில் தங்கினேன். அதிலேயே அவனுக்குப் புரிந்துவிட்டது. நான் சார்பதிவாளர் அலுவலகத்துக்குப் போய் அதிகாரப் பத்திரத்தை ரத்து செய்த அன்று சாயங்காலம் லாட்ஜுக்கு வந்தான்.

"விக்கறது வேணாம்னா வேணாம்னு சொல்லிட்டுப் போயேன். விசாரணைக்கு எதுக்குப் போற?"

"எனக்குத் தெரிஞ்சதச் சொல்லணும்டா."

"உனக்கு என்ன தெரியும்? இருபத்தாறு வருஷமா இங்க இல்ல நீ. அந்த ஓட்டுல மழ ஒழுகினப்ப யாரு ஏறி அடச்சது? அப்பா பீ மூத்திரம் யாரு அள்ளுனது?"

அவன் சொன்னது எல்லாமே உண்மை. அவன் போனபிறகு வாங்கி வைத்திருந்த இட்லிப் பொட்டலத்தைப் பிரிக்காமலே படுத்துக்கொண்டேன்.

விசாரணை ஒரு நீளமான அறையில் நடந்தது. அதிகாரி ஒரு பெண், என்னைவிட வயதில் குறைந்தவர். ஒருபக்கம் சேகரும் அவன் வக்கீலும், இன்னொரு பக்கம் மல்லிகாவும் காலனியைச் சேர்ந்த நான்கு பேரும். நான் எந்தப் பக்கம் உட்காருவது என்று தெரியாமல் நின்றேன். "சாட்சின்னா இங்க வாங்கம்மா," என்று அதிகாரி தன் மேசைக்கு எதிரே நாற்காலியைக் காட்டினார்.

வக்கீல் முதலில் பேசினார். பட்டாவில் பாதை இல்லை, இவர் தகப்பனார் பெருந்தன்மையாக அனுமதி கொடுத்து வந்தார், அனுமதி என்பது உரிமை ஆகாது என்றார்.

மல்லிகா எழுந்தாள். அங்கன்வாடி டீச்சர் அவள். குழந்தைகளிடம் பேசும் அதே நிதானத்தில் பேசினாள். "மேடம், தொரையோட கொழந்தைய எங்க ஆளுங்களுக்கு நடுவுலதான் பொதச்சிருக்காங்க. இப்ப கூட இருக்குது, வந்து பாருங்க. அந்தக் கொழந்தைய எந்த வழியா தூக்கிக்கினு போனாங்க? அப்ப இவங்க தாத்தா இந்த வூட்ட வாங்கவே இல்ல. அப்புறம் யாரு யாருக்குங்க அனுமதி குடுத்தது?"

அதிகாரி என்னைப் பார்த்தார். கேட் போட்டதை, அதற்கு முன் திறந்த வழியாக இருந்ததைச் சொன்னேன்.

வக்கீல் இடைமறித்தார். "அம்மா, உங்கப்பா அனுமதி குடுத்தாருன்னுதானே ஊரே சொல்லுது?"

"ஊரு சொல்லலைங்க. எங்க வீடுதான் சொல்லிச்சு."

"எட்டு வயசுல பாத்தது. எப்படி இவ்ளோ நிச்சயமா சொல்றீங்க?" என்று அதிகாரி கேட்டார்.

"வெல்டிங் வெளிச்சத்தையே பாத்துட்டு நின்னேங்க. மறுநாள் கண்ணு ரெண்டும் வீங்கித் தெறக்க முடியல. எங்கம்மா தாய்ப்பால் பீச்சி கண்ணுல வுட்டாங்க. தம்பி அப்ப கைக்கொழந்த. அவன் பொறந்தப்புறம்தாங்க அந்த கேட்டு வந்திச்சு."

சேகர் என்னைப் பார்க்கவில்லை. மடியில் இருந்த ஃபைலின் நாடாவை அவிழ்த்தான், திரும்பக் கட்டினான். அதிகாரி நான் சொன்னதை எழுத வைத்து, வாசித்துக் காட்டினார். ஒவ்வொரு பக்கத்திலும் கையெழுத்துப் போடச் சொன்னார். இந்த முறை ஒவ்வொரு வரியாகப் படித்துவிட்டுப் போட்டேன்.

வெளியே வேப்பமர நிழலில் மல்லிகா தனியாக நின்றாள். நான் பக்கத்தில் போய், "மல்லிகா, என்னை மன்னிச்சிடு," என்றேன்.

"வுடுங்க," என்றாள். "நீங்க வந்து சொன்னது பெரிய விஷயம். ஆனா எங்கம்மா சேத்துலதானேங்க போச்சி. அத இனிமே இன்னா பண்றது?"

நீங்க, வாங்க என்றே பேசினாள். பள்ளியில் வாடி போடி என்றுதான் கூப்பிடுவாள். அதைச் சொல்லிப் பழையபடி பேசு என்று கேட்க வாய் வரை வந்தது. கேட்கும் தகுதி எனக்கு இல்லை என்று தோன்றியது, விட்டுவிட்டேன்.

6

நான் திரும்பி வந்து ஒரு மாதம் கழித்து உத்தரவு வந்தது. இரண்டு கேட்டையும் எடுக்க வேண்டும், பாதையை அளந்து கல் நட வேண்டும். சென்னைக்காரர் அட்வான்சைத் திரும்பக் கேட்டுவிட்டார். பங்களா பூட்டிக் கிடக்கிறது. இந்த மழைக்கு மேற்குப் பக்க வராண்டாவில் ஒரு மூலை சரிந்துவிட்டதாக யாரோ சொன்னார்கள். சேகர் சொல்லவில்லை. அவனிடமிருந்து வந்தது ஒரே ஒரு செய்திதான்.

'அப்பா பொய் சொன்னாருன்னு சர்க்கார் ஃபைல்ல எழுத வச்சிட்ட.'

பத்து நாள் கழித்து அப்பாவின் திதி. வருடாவருடம் படையலைக் கைபேசியில் காட்டி, "அக்கா, கும்புட்டுக்கோ," என்பான். இந்த முறை அழைப்பு வரவில்லை. நான் சமையலறையில் இலைக்குப் பதிலாக ஒரு தட்டில் சோறு வைத்து, விழுந்து கும்பிட்டேன். யாழினி கதவருகே நின்று பார்த்தாள். "தாத்தா மேலே உனக்குக் கோபம் இல்லையா?" என்று ஜெர்மனில் கேட்டாள். இருக்கிறது என்றேன். "அப்புறம் ஏன் கும்பிடறே?" அவளுக்கு நான் சொன்ன பதில் எனக்கே சரியாக விளங்கவில்லை. அவர் கையால் சோறு பிசைந்து ஊட்டி வளர்த்த உடம்பு இது என்கிற மாதிரி ஏதோ சொன்னேன். அவள் தலையாட்டிவிட்டுத் தன் அறைக்குப் போய்விட்டாள்.

டிசம்பரில் ஒரு நாள் மல்லிகா தானாகக் கூப்பிட்டாள். முதியோர் இல்லத்தில் ஒரு அம்மாவுக்குக் காலுறை மாட்டிக்கொண்டிருந்தேன். முடித்துவிட்டு, நடைக்கு வந்து பேசினேன்.

"எங்க காலனி பெரியசாமி அண்ணன் செத்துட்டாருங்க. இன்னிக்கித்தான் எடுத்தோம். அந்த வழியாத்தான் போனோம்."

"யாராவது எதாவது சொன்னாங்களா?"

"யாரும் ஒண்ணும் சொல்லல. பத்து மணிக்கு எடுத்தோம். பதினொண்ணுக்கெல்லாம் எல்லாரும் வூட்டுக்கு வந்துட்டோம்."

நல்லது என்றேன். அவள் உடனே வைத்துவிடவில்லை. பின்னால் பெண்கள் பேசும் சத்தம், ஒரு பஸ் ஹாரன்.

"அம்மாவுக்கு மூணு மணி நேரம் ஆச்சிங்க," என்றாள்.

பிறகு அவளே, "அங்க குளுருங்களா?" என்று கேட்டாள்.

"ஆமா மல்லிகா," என்றேன். "குளுருதான்."